காணி விற்கக் கட்டிய யானை



கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் இருக்கும்போது ஆறுதலாக வாசியுங்கள்.

இரண்டு வாரத்துக்கு முன் தரம் 9 வகுப்பில் வரலாற்றுப் பாடம். தொல்பொருள்களைப் பாதுகாப்பது பற்றிப் பேசிக்கொண்டிருந்தோம். சீகிரியா, பொலன்னறுவை, காலிக் கோட்டை என்று பிள்ளைகள் வரிசையாகச் சொன்னார்கள். "சரி, நம்மட ஊருக்குள்ள நூறு வருசத்துக்கு மேற்பட்ட கட்டடம் ஒன்று சொல்லுங்க பார்ப்பம்" என்று கேட்டேன். வகுப்பு அமைதியாகிவிட்டது. கடைசி வாங்கிலிருந்து ஒரு பிள்ளை எழும்பி, "நம்மட ஊருல அப்படி ஒன்றும் இல்லையே சேர்" என்றார்.

அதற்கு நேராகப் பதில் சொல்ல எனக்குத் தெரியவில்லை. அதனால் ஒரு யானையின் கதையைச் சொன்னேன். மணி அடித்தும் பிள்ளைகள் எழும்பவில்லை. அந்தக் கதையைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அமெரிக்காவில் நியூ ஜேர்சி மாநிலத்தின் கடற்கரையில், அட்லாண்டிக் சிட்டிக்குத் தெற்கே, மார்கேட் என்ற சின்ன ஊர் இருக்கிறது. அங்கே கடலைப் பார்த்தபடி ஒரு யானை நிற்கிறது. உயரம் 65 அடி, ஏறக்குறைய ஆறு மாடி. நீளம் 60 அடி, எடை சுமார் 90 தொன். உடம்பெல்லாம் மரம், மரத்துக்கு மேல் தகரத் தோல். முதுகில் அம்பாரி. பின்னங்கால்களுக்குள் சுழல் படிக்கட்டு. காலுக்குள் நுழைந்து ஏறினால் வயிற்றுக்குள் ஒரு மண்டபம். அங்கிருந்து இன்னும் ஏறினால் அம்பாரி. அம்பாரியில் நின்றால் கடலும் கரையும் அட்லாண்டிக் சிட்டிக் கட்டடங்களும் தெரியும். சீகிரியாவில் சிங்கத்தின் பாதங்களுக்கு நடுவால் ஏறியவர்களுக்கு இது புதினமாக இருக்காது. ஆனால் அங்கே அரசன் கட்டினான். இங்கே கட்டியவர் ஒரு காணி வியாபாரி.

அவர் பெயர் ஜேம்ஸ் லாஃபர்ட்டி. பிலடெல்பியாவைச் சேர்ந்தவர். அட்லாண்டிக் சிட்டிக்கு 1854இல் ரயில் பாதை வந்த பிறகு அந்தக் கரையோரத்தில் காணி விலை ஏறத் தொடங்கியது. நகருக்குத் தெற்கே ஆளில்லாத மணல் மேடுகளை லாஃபர்ட்டி வாங்கிப்போட்டார். அப்போது அந்த இடத்துக்கு சவுத் அட்லாண்டிக் சிட்டி என்று பெயர். வெறும் மணலையும் பற்றையையும் பார்க்க யார் வருவார்கள்?

இந்தக் காலத்தில் காணி விற்பவர்கள் ட்ரோன் பறக்கவிட்டு பேஸ்புக்கில் வீடியோ போடுகிறார்கள். லாஃபர்ட்டியிடம் ட்ரோன் இல்லை. அவர் 1881இல் யானை கட்டினார். ஏறக்குறைய பத்து லட்சம் மரத்துண்டுகள் செலவானதாகச் சொல்கிறார்கள். தகரம் மட்டும் 12,000 சதுர அடி. யானையைப் பார்க்க வந்தவர்களை அம்பாரிக்குக் கூட்டிக்கொண்டு போய், மேலிருந்து கையை நீட்டி, "அந்தத் துண்டு, இந்தத் துண்டு" என்று காணி காட்டினார். விலங்கு வடிவத்தில் கட்டடம் கட்டும் உரிமை தனக்கு மட்டுமே என்று அரசாங்கத்திடம் விண்ணப்பித்து, 1882 டிசம்பர் 5ஆம் திகதி ஆக்கவுரிமையும் எடுத்துவிட்டார். 17 வருடத்துக்கு வேறு யாரும் அமெரிக்காவில் அப்படிக் கட்டக் கூடாது.

இந்த இடத்தில் ஒரு பிள்ளை கேட்டார்: "அமெரிக்காவில யானையே இல்லையே சேர், அவருக்கு ஏன் யானை ஞாபகம் வந்த?"

நல்ல கேள்வி. அதற்குப் பதில் தேடினால் கதை நம் நாட்டுக்கே வந்து நிற்கிறது.

அமெரிக்கர்களுக்கு யானைப் பைத்தியம் பிடிக்க வைத்தவர்களில் முக்கியமானவர் பி. டி. பார்னம் என்ற காட்சிக்காரர். பிற்காலத்தில் பெரிய சர்க்கஸ் நடத்தியவர். அவரும் கூட்டாளிகளும் 1850இல் "ரெகாட்டா" என்ற கப்பலை இலங்கைக்கு அனுப்பினார்கள். நோக்கம் யானை பிடிப்பது. காட்டுக்குள் போய்ப் பிடித்தார்கள். பிடிக்கும் முயற்சியில் ஏராளமான யானைகள் கொல்லப்பட்டதையும் பார்னம் தன் சுயசரிதையில் ஒளிக்காமல் எழுதியிருக்கிறார். அவருக்கு அது பெரிய விசயமாகத் தெரியவில்லை. ஆங்கில அரசாங்கமே யானையைச் சுட்டால் பரிசுப் பணம் கொடுத்த காலம் அது. 1851இல் பத்தளவிலான யானைகள் நியூயோர்க்கில் இறங்கின. நகரத்தின் பெரிய வீதியில் அவற்றை ஊர்வலமாகக் கூட்டிப்போனார்கள். பிறகு சில வருடங்கள் ஊர் ஊராகக் காட்சி.

அந்தக் காட்சிக் குழுவைக் கலைத்தபோது பார்னம் ஒரு யானையை மட்டும் வைத்துக்கொண்டார். கனெக்டிகட் மாநிலத்தில் பிரிட்ஜ்போர்ட் என்ற ஊரில் அவருக்கு ஒரு மாளிகை இருந்தது. குவிமாடங்களும் மினாராக்களும் வைத்து, "ஈரானிஸ்தான்" என்று பெயரும் வைத்திருந்தார். ஈரானுக்கும் அவருக்கும் ஒரு தொடர்பும் இல்லை. ஆட்களைத் திரும்பிப் பார்க்க வைப்பதுதான் அவர் தொழில். பக்கத்தில் ரயில் பாதை ஓடியது. பாதையோர வயலில் அந்த யானையைக் கலப்பையில் பூட்டினார். பாகனுக்குக் கீழைநாட்டு உடுப்புப் போட்டு, கையில் ரயில் நேர அட்டவணையைக் கொடுத்தார். ரயில் வரும் நேரம் பார்த்து யானை உழ வேண்டும். ஜன்னலால் பார்த்த பயணிகள் ஊருக்குப் போய்ச் சொன்னார்கள். பத்திரிகைகள் எழுதின. விவசாயச் சங்கங்கள், "யானை ஒரு நாளைக்கு எவ்வளவு உழும், என்ன தின்னும், எங்களுக்கும் வாங்கலாமா?" என்று கடிதம் போட்டன. தன்னுடைய அருங்காட்சியகத்துக்கு விளம்பரம் என்பதைத் தவிர அந்த யானையால் வேறு இலாபம் இல்லை என்று பார்னம் உண்மையைச் சொல்லிவிட்டார்.

அதாவது, லாஃபர்ட்டி தகர யானை கட்டுவதற்கு ஏறக்குறைய முப்பது வருடத்துக்கு முன்பே, நம் காட்டில் பிறந்த ஓர் உயிருள்ள யானை அமெரிக்க ரயில் பாதையோரத்தில் விளம்பரப் பலகையாக நின்றிருக்கிறது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்தக் காலத்தில் இலங்கையில் யானை பிடிப்பதில் பெயர் பெற்றவர்கள் பணிக்கர்மார். அவர்களில் பெரும்பாலானவர்கள் முஸ்லிம்கள். ஏறாவூர்ப் பணிக்கர்மார் பற்றி இன்றும் பெரியவர்கள் சொல்வார்கள். இங்கே குடியேற்றச் செயலாளராக இருந்த ஜேம்ஸ் எமர்சன் டெனன்ட் 1859இல் வெளியிட்ட இலங்கை பற்றிய நூலில் அவர்களைப் புகழ்ந்து எழுதியிருக்கிறார். மானின் அல்லது எருமையின் தோலில் திரித்த கயிறு ஒன்றுதான் ஆயுதம். இரண்டு பேர் காட்டு யானைக்குப் பின்னால் சத்தமில்லாமல் ஊர்ந்து போய், பின்னங்காலில் சுருக்குப் போட்டு, மறுமுனையை மரத்தில் கட்டிவிடுவார்கள். ஆனால் பார்னத்தின் புத்தகத்தில், காட்டில் அவருடைய ஆட்களுக்கு உதவிய இந்நாட்டவர்கள் வெறும் "சுதேசிகள்". பெயர் இல்லை, ஊர் இல்லை. கப்பலின் பெயர் இருக்கிறது, உதவியவனின் பெயர் இல்லை. எழுதுகிறவன் யாரோ, அவன் பக்கத்து ஆட்களுக்குத்தான் பெயர் கிடைக்கிறது. நாம் எழுதி வைக்கவில்லை.

சரி, தகர யானைக்கு வருவோம்.

லாஃபர்ட்டியின் உரிமையின் கீழ் மூன்று யானைகள் எழும்பின. இரண்டாவது, நியூயோர்க் கோனி தீவில், 122 அடி உயரத்தில், 31 அறைகளோடு. முதலாவதைப்போல் இரண்டு மடங்கு. மூன்றாவது, நியூ ஜேர்சியின் தென்முனையில் கேப் மே பக்கம், 1884இல், 40 அடி உயரத்தில். அதற்கு "ஆசியாவின் ஒளி" என்று பெயர். மூன்றிலும் பெரியது 1896இல் எரிந்து சாம்பலானது. கேப் மே யானையை 1900இல் உடைத்தார்கள். முதல் யானை மட்டும் மிஞ்சியது.

லாஃபர்ட்டியின் வியாபாரம் நிலைக்கவில்லை. கையில் பணம் தட்டுப்பட, யானையை 1887இல் அன்ரன் கெர்ட்சன் என்பவருக்கு விற்றார். அந்தக் குடும்பத்து மருமகள் சோபியாதான் 1902 அளவில் அதற்கு "லூசி" என்று பெயர் வைத்ததாகச் சொல்வார்கள். நம் பிள்ளைகள் படத்தைக் கண்டவுடன் சிரித்தார்கள். "கொம்பு இருக்கே சேர், இது எப்படிப் பெண் யானை?" என்றார்கள். உண்மைதான். ஆசிய யானைகளில் பெண்ணுக்கு இப்படிக் கொம்பு வளராது. நம் நாட்டில் ஆண் யானைகளிலும் பெரும்பாலானவை கொம்பில்லாத அலியன்தான். மார்கேட் மக்களுக்கு இதெல்லாம் கணக்கில்லை. லூசி என்றால் லூசிதான்.

லூசி பார்க்காத வேலை இல்லை. சாப்பாட்டுக்கடை, காரியாலயம், மதுச்சாலை எல்லாமாக இருந்திருக்கிறது. 1902இல் ஓர் ஆங்கில வைத்தியர் குடும்பத்தோடு கோடை காலத்தில் அதற்குள் குடியிருந்தார். முன்பக்கத் தோளுக்குள் இருந்த சின்ன அறைக்குள் குளிக்கும் தொட்டி வைத்தார்கள். 1903இல் வந்த புயலில் முழங்கால் வரை மணலில் புதைந்தது. ஊரவர்கள் தோண்டி எடுத்துக் கடலிலிருந்து கொஞ்சம் தள்ளி நிறுத்தினார்கள். ஒருமுறை மதுச்சாலைக் கலாட்டாவில் எண்ணெய் விளக்கு விழுந்து எரியவும் பார்த்தது.

புயலையும் நெருப்பையும் தாங்கியது. கவனிப்பாரின்மையைத்தான் தாங்க முடியவில்லை. கடலோரம் வீடு கட்டியவர்களுக்குத் தெரியும், உப்புக் காற்று தகரத்தை என்ன செய்யும் என்று. 1960கள் ஆகும்போது தோல் துருப்பிடித்து ஓட்டை, மழை உள்ளே, மரம் உக்கல். பாதுகாப்பில்லை என்று மூடினார்கள். பிறகு கெர்ட்சன் குடும்பம் காணியைக் கட்டட முதலாளிகளுக்கு விற்றது. யானையை நகரத்துக்கு அன்பளிப்பாகக் கொடுத்தது. காணி வாங்கியவர்கள் காணியைத் துப்பரவாகக் கேட்டார்கள். ஊருக்குக் கிடைத்தது 30 நாள் தவணை. ஒன்றில் யானையைத் தூக்கிக்கொண்டு போங்கள், இல்லாவிட்டால் உடைக்கும் செலவைத் தாருங்கள்.

90 தொன் உக்கிய யானையை யார் தூக்குவது? சும்மா விட்டிருக்கலாம். "பழசு போனால் புதுசு வரும்" என்று சொல்லியிருக்கலாம். அந்த ஊரிலும் அப்படிச் சொன்னவர்கள் இருந்திருப்பார்கள்.

ஆனால் 1969இல் அந்த ஊரவர்கள் சிலர் கூடி ஒரு குழு அமைத்தார்கள். அதுதான் பிறகு "லூசியைக் காப்பாற்றும் குழு" ஆனது. தலைமை தாங்கியவர் ஜோசபின் ஹரன் என்ற பெண்மணி. பணம் சேர்க்கப் பல வழிகளைப் பார்த்தார்கள். எதில் அதிகம் சேர்ந்தது தெரியுமா? தொண்டர்கள் வீடு வீடாகப் போய்க் கதவைத் தட்டியதில். கோடீஸ்வரர் ஒருவரின் காசோலை அல்ல, வீட்டுக்கு வீடு கிடைத்த சில்லறை.

நகரத்துக்குச் சொந்தமான கடற்கரைக் காணி ஒன்று கிட்டவே இருந்தது. அங்கே கொண்டுபோகத் தீர்மானித்தார்கள். நகர்த்துவதற்கு ஓரிரு நாள் இருக்கும்போது, அந்தப் புது இடத்துக்குப் பக்கத்துக் காணிக்காரர்கள் நீதிமன்றம் போனார்கள். யானை வந்தால் தங்கள் காணியின் விலை விழுந்துவிடுமாம். காணியின் விலையை ஏற்றுவதற்கென்றே கட்டிய யானை! 89 வருடம் கழித்து அதே யானையால் விலை குறையுமென்று வழக்கு. வழக்கு நிற்கவில்லை. 1970 ஜூலை 20ஆம் திகதி, சக்கரங்களில் ஏற்றி, ஊர் முழுக்க வீதியில் நின்று பார்க்க, லூசியை மெல்ல மெல்ல இழுத்துக்கொண்டு போனார்கள். தூரம் சுமார் நூறு யார்தான். எடுத்த நேரம் பல மணித்தியாலம்.

அதோடு வேலை முடியவில்லை, அப்போதுதான் தொடங்கியது. உள்ளே இரும்புச் சட்டம் வைத்தார்கள். உக்கிய அம்பாரிக்குப் பதில் அதே வடிவில் புதிது செய்தார்கள். 1974இல் மக்களுக்குத் திறந்தார்கள். 1976இல் அமெரிக்க அரசாங்கம் லூசியைத் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவித்தது. உடைக்க 30 நாள் தவணை கொடுக்கப்பட்ட பொருள், ஆறே வருடத்தில்.

2012இல் சாண்டி புயல் அந்தக் கரையைச் சிதைத்தபோதும் லூசி பெரிய சேதமில்லாமல் நின்றது. சுனாமியைக் கண்ட கரை நமது. காலையில் எழும்பிப் பார்க்கும்போது பழகிய ஒன்று அதே இடத்தில் நிற்பது எவ்வளவு பெரிய ஆறுதல் என்று நமக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. பிறகு பரிசோதித்துப் பார்த்ததில் தகரத் தோலில் பாதிக்கு மேல் திருத்த முடியாத நிலை. 2021இல் மூடி, முழுத் தோலையும் கழற்றி, 24 லட்சம் டொலர் செலவில் புதுத் தோல் போட்டு, 2022 டிசம்பர் கடைசியில் திரும்பத் திறந்தார்கள். ஒருமுறை காப்பாற்றினால் போதாது, ஒவ்வொரு தலைமுறையும் திரும்பக் காப்பாற்ற வேண்டும் என்பதற்கு இதுவே சாட்சி.

இனி நம் விடயம்.

யாரும் தவறாக விளங்கிக்கொள்ள வேண்டாம். சந்தியில் யானைச் சிலை வையுங்கள் என்று நான் சொல்லவில்லை. உருவச் சிலை பற்றி நம் மார்க்கத்தின் நிலைப்பாடு எல்லோருக்கும் தெரியும். நான் சொல்ல வருவது யானையைப் பற்றியல்ல, அந்த ஊரைப் பற்றி. லூசியில் புனிதம் எதுவும் இல்லை. மன்னர் கட்டியதல்ல, போரில் வென்றதல்ல. காணி விற்க ஒருவர் போட்ட தந்திரம். அப்படிப்பட்ட ஒன்றையே, நான்கு தலைமுறைப் பிள்ளைகள் பார்த்து வளர்ந்தது என்ற ஒரே காரணத்துக்காக, அந்த மக்கள் "இது நம்முடையது" என்றார்கள். வரலாறு என்பது அரசர்களிடம் மட்டும் இருப்பதல்ல என்பதை அவர்கள் விளங்கியிருக்கிறார்கள்.

நாம்? நான் மற்றவர்களைக் குறை சொல்ல எழுதவில்லை. எனக்குப் பத்து வயதிருக்கும்போது எங்கள் ஊரில் ஒரு பழைய மண்டபத்தை உடைத்தார்கள். தடித்த சுண்ணாம்புச் சுவர், வளைந்த வாசல்கள், உள்ளே போனால் வெயிலிலும் குளிர். இயந்திரம் வந்து சுவரில் இடித்தபோது, நாங்கள் சிறுவர்களெல்லாம் மதிலில் ஏறியிருந்து கைதட்டினோம். நானும் தட்டினேன். புதுக் கட்டடம் தேவைதான், வந்ததும் நல்லதுதான். ஆனால் அந்த மண்டபத்தின் ஒரு படம்கூட இன்று யாரிடமும் இல்லை. எத்தனையாம் ஆண்டு கட்டியது, யார் காணி கொடுத்தார், எந்த மேசன் கட்டினார், ஒன்றும் எழுதப்படவில்லை. கடைசி வாங்குப் பிள்ளை "ஒன்றும் இல்லையே சேர்" என்று சொன்னபோது எனக்கு அந்தக் கைதட்டல்தான் காதில் கேட்டது.

இப்போது இந்தப் பதிவை எழுதக் காரணம் சொல்கிறேன்.

கதை சொல்லி மூன்றாம் நாள் அதே பிள்ளை வந்தார். "சேர், நான் மூத்தம்மாட்டக் கேட்டன். கடக்கரைப் பக்கம் போற பாதையில பழைய மடம் ஒன்று இருக்காம். அவ சின்னப்பிள்ளையா இருக்கக்குள்ளயும் அது பழசுதானாம். மாட்டு வண்டியில வாற ஆக்கள் அதிலதான் தங்குறயாம்" என்றார். பின்னேரம் போய்ப் பார்த்தேன். நம்மில் பலர் தினமும் கடந்து போகும் இடம்தான். ஓடு சரிந்து, உள்ளே ஆலங்கன்று முளைத்து, முன்னால் மீன் பெட்டிகள் அடுக்கியிருக்கிறது. சுவர் உறுதியாக நிற்கிறது. தூண்கள் நான்கும் நிற்கின்றன. அதை எடுத்துவிட்டுக் கடை கட்டலாம் என்ற பேச்சும் காதில் விழுந்தது.

கடை கட்டுவது பாவமில்லை. அந்தக் காணியில் யாருக்கு என்ன உரிமை என்பதைப் பெரியவர்கள் பேசித் தீர்மானிக்கட்டும். நான் கேட்பது மூன்று விடயம்தான்.

ஒன்று: உங்கள் வீட்டு அல்பத்தில், பழைய கலியாணப் படத்தில், எங்காவது அந்த மடம் தெரிந்தால் ஒரு பிரதி எடுத்துத் தாருங்கள். படத்துக்குப் பின்னால் திகதி இருந்தால் அதையும்.

இரண்டு: எழுபது, எண்பது வயதைத் தாண்டிய உம்மா வாப்பாமார் வீட்டில் இருந்தால் அவர்களிடம் கேளுங்கள். மடத்தை யார் கட்டினார்கள், யார் தண்ணீர் வைத்தார்கள், யாரெல்லாம் தங்கினார்கள். போனில் பதிவு செய்தால் போதும். அவர்கள் மௌத்தானால் அந்தக் கதையும் அவர்களோடு போய்விடும்.

மூன்று: வருகிற சனிக்கிழமை அஸருக்குப் பிறகு பிள்ளைகளோடு போய் மடத்தை அளந்து, படம் எடுத்து, வரைந்து வைக்கப்போகிறோம். முளைத்திருக்கும் ஆலங்கன்றையும் பிடுங்கப்போகிறோம். வேரோடினால் சுவரைப் பிளந்துவிடும். மேசன் வேலை தெரிந்த ஒருவர் கூட வந்தால் பெரிய உதவி.

அடுத்த வருடம் அதே கேள்வியைத் தரம் 9 பிள்ளைகளிடம் கேட்பேன். அப்போது மடம் நிற்குமோ இல்லையோ, அல்லாஹ்வே அறிவான். நின்றால் பிள்ளைகளைக் கூட்டிப்போய்க் காட்டலாம். நிற்காவிட்டாலும், "இருந்தது, இவ்வளவு நீளம், இவ்வளவு அகலம், இன்னார் சொன்னார்" என்று ஒரு கொப்பியில் எழுதியாவது இருக்கும்.

மடம் பற்றித் தெரிந்தவர்கள் கீழே எழுதுங்கள். தெரியாதவர்கள் வீட்டில் மூத்தவர்களுக்கு இதை வாசித்துக் காட்டுங்கள்.